தீ அறியாத தீட்டு

காணும் பொங்கலன்று ஊர்தோறும் உறவினர் கூடுகின்றனர். பட்டணத்திலே பணிபுரிவோர் ஊர் திரும்புகின்றனர். மணமாகிச் சென்ற மகளிர் பிறந்தகம் வருகின்றனர். பேரக் குழந்தைகளின் ஆரவாரம் முற்றத்தை நிறைக்கிறது. விடியற்காலையில் வாங்கிய கோழிக்கறி மசாலாவிலே ஊறுகிறது; மாலையிலே கரி அடுப்பு மூட்டப்படுகிறது; தணலிலே கறி வாடும் மணம் தெருக்கோடிவரை செல்கிறது. மகிழ்ச்சிக்குரிய காட்சி! மறுப்பாரில்லை.

நாட்டிலே ஆயிரம் கேள்விகள் கொழுந்துவிட்டு எரியும்போது, அடுப்பிலே எரியும் கரியைப் பற்றிப் பேச ஓர் ஏடு எதற்கு என்று தோழர்கள் கேட்கக்கூடும். கேட்பது முறையே. ஆனால், அந்த அடுப்படியிலே ஒரு கேள்வி இருக்கிறது. மேடையிலே பலமுறை விடை சொல்லிவிட்டு, வீட்டிலே மட்டும் விடை சொல்லாமல் நாம் விட்டுவைத்திருக்கும் கேள்வி அது. தீட்டு என்பது எது? எங்கே இருக்கிறது? எதனால் போகும்?

இதற்கு விடை காணச் சாத்திரம் புரட்ட வேண்டியதில்லை. கோழி சமைக்கத் தெரிந்த எவரும் சொல்லிவிடலாம்.

இரண்டு கிலோ கோழிக்கறியை எடுத்துக்கொள்வோம். கத்தியால் ஆழக் கீறி, உப்பும் மஞ்சளும் தடவி, இஞ்சி பூண்டு விழுதும் மிளகாய்த்தூளும் மல்லித்தூளும் ஒரு கோப்பைத் தயிரும் சேர்த்துப் பிசைந்து, மூடிக் குளிர்பெட்டியிலே வைக்கிறோம். ஆறு மணி நேரம் கழித்து எடுத்தால் கறி இளகியிருக்கிறது. ஏன் இளகியது? நல்ல நேரம் பார்த்து ஊறவைத்ததாலா? இராகு காலம் கழித்துக் கத்தி எடுத்ததாலா? இல்லை. உப்பு முதலில் கறியிலுள்ள நீரை வெளியே இழுக்கிறது; பிறகு அந்நீரிலே கரைந்து மெல்ல உள்ளே செல்கிறது; தசையிலுள்ள புரதங்களின் கட்டைத் தளர்த்தி, அவை நீரைப் பிடித்துவைத்துக்கொள்ளுமாறு செய்கிறது. அதனாலேதான் தணலின் வெம்மையிலும் கறி வறண்டுபோவதில்லை. தயிரின் புளிப்போ மேற்பரப்பை மென்மையாக்குகிறது. அளவு மீறினாலும், நேரம் மீறினாலும், அதே புளிப்பு கறியைக் கெடுத்தும் விடுகிறது. இதற்குப் பஞ்சாங்கம் தேவையில்லை, கடிகாரம் போதும்.

பிறகு கம்பி வலையிலே அடுக்கித் தணலின் மீது வைக்கிறோம். புரதத்தின் கூறுகளும் சர்க்கரையின் கூறுகளும் வெப்பத்திலே கூடி வினை புரிகின்றன. மேற்புறம் பொன்னிறமாகிச் செம்பழுப்பாகிறது. நாவூறச் செய்யும் மணம் பிறக்கிறது. பிரெஞ்சு நாட்டு வேதியியலார் லூயி கமீல் மயார் 1912ஆம் ஆண்டிலே எடுத்துரைத்த வினை இது. மசாலா தடவிய கை எந்தக் குலத்துக் கை என்று அந்த வினை கேட்டதில்லை. அரைத்தவள் மேல் தெருவா, கீழ்த் தெருவா என்று அறிந்த பிறகு சிவப்போம் என்று எந்தத் தணலும் காத்திருந்ததில்லை.

கறிக்குக் காரம் தரும் மிளகாயைப் பாருங்கள். அமெரிக்கக் கண்டத்திலே பிறந்து, போர்த்துகீசியர் கப்பலேறி, 16ஆம் நூற்றாண்டிலே இந்நாட்டிற்கு வந்து சேர்ந்த செடி. கடல் கடந்தால் தீட்டு என்று விதித்த வைதிகம், கடல் கடந்து வந்த மிளகாயைக் கடிந்துரைத்ததா? ஊறுகாய்ச் சாடியிலே உரிமையோடு இடம் கொடுத்தது! காய்க்குக் கதவு திறந்தது, மனிதனுக்குத் திறக்கவில்லை.

சமையற்கட்டிலே தீட்டே கிடையாது என்று நாம் சொல்ல வரவில்லை. உண்டு, உண்மையான தீட்டு உண்டு. பச்சைக் கோழிக்கறியிலே சால்மோனெல்லா போன்ற கிருமிகள் இருக்கக்கூடும். பச்சைக் கறி நறுக்கிய பலகையிலேயே வெங்காயமும் வெள்ளரியும் நறுக்கினால், கிருமி அவற்றின் மீதேறி வயிற்றுக்குள் செல்லும். பச்சைக் கறி இருந்த தட்டிலேயே சுட்ட கறியை எடுத்துவைத்தால், நெருப்பு செய்த நன்மையை நாமே அழித்தவராவோம். ஊறவைத்த மசாலாவில் மிஞ்சியதைக் கொதிக்கவைக்காமல் சுட்ட கறியின் மேல் ஊற்றுவதும் அத்தகையதே. ஆகவே பலகையைச் சோப்பிட்டுக் கழுவுகிறோம், கையைக் கழுவுகிறோம், தட்டை மாற்றுகிறோம், கறியின் உட்புறம் 74 பாகை செல்சியசு வெப்பம் அடையும்வரை பொறுத்திருக்கிறோம். அந்த வெப்பத்திலே கிருமி மாள்கிறது; உணவு தூய்மையாகிறது.

இந்த உண்மைத் தீட்டுக்கு மூன்று இயல்புகள் உள்ளன. ஒன்று: அதைக் காட்ட முடியும். உருப்பெருக்கியின் அடியிலே வைத்தால் எவர் கண்ணுக்கும் தெரியும். இரண்டு: அது எல்லாரிடமும் ஒரே முறையிலே நடந்துகொள்ளும். பட்டு உடுத்தவர் கையிலும் ஒட்டும். கந்தல் உடுத்தவர் கையிலும் ஒட்டும். இருவர் வயிற்றையும் ஒன்றுபோலக் கலக்கும். மூன்று: அது போகும். சோப்பும் நீரும் கொண்டு கழுவினால் போகும். நெருப்பிலே வைத்தால் அழியும்.

இனி, நாட்டிலே காலங்காலமாகப் பேசப்படும் மற்றொரு தீட்டை இதே உரைகல்லிலே உரைத்துப் பார்ப்போம். பிறவித் தீட்டு! அதைக் காட்ட முடியுமா? எந்த உருப்பெருக்கியிலும் அது தெரிந்ததில்லை. எல்லாரிடமும் ஒன்றுபோல் நடந்துகொள்கிறதா? இல்லை. கீழே இருப்பவன் மேலே இருப்பவனைத் தொட்டால் ஒட்டுமாம். மேலே இருப்பவன் கீழே இருப்பவனிடம் கூலி வேலை வாங்கும்போதும், நெல் மூட்டை சுமக்கச் சொல்லும்போதும் ஒட்டாதாம்! கழுவினால் போகிறதா? தொட்டவன் குளித்தால் அவன் தீட்டுப் போகுமாம். தொடப்பட்டவன் ஆயிரம் முறை குளித்தாலும் அவன் தீட்டுப் போகாதாம்! காட்டவும் முடியாது, ஒழுங்கும் கிடையாது, கழுவினாலும் போகாது என்றால், அது அழுக்கன்று, பொய். அழுக்கைக் கழுவலாம், பொய்யைக் கழுவ முடியாது, கைவிடத்தான் வேண்டும்.

1927ஆம் ஆண்டு மார்ச்சு 20ஆம் நாள், மகாராட்டிரத்து மகத் நகரிலே, அண்ணல் அம்பேத்கர் ஆயிரக்கணக்கான மக்களோடு சென்று சவுதார் குளத்து நீரை அள்ளிப் பருகினார். ஆடும் மாடும் குடித்த குளம் அது. மனிதர் குடித்ததும் குளம் கெட்டுவிட்டதாம்! ஆதிக்க சாதியார் என்ன செய்தனர்? பால், தயிர், சாணம், கோமியம் ஆகியவற்றைக் குடங்குடமாக ஊற்றி, மந்திரம் ஓதி, குளத்தைத் தூய்மை செய்தனர்! தயிரின் இரு பயன்களையும் ஒப்பிட்டுப் பாருங்கள். கறியிலே இட்ட தயிர் கறியை மென்மையாக்குகிறது. குளத்திலே கொட்டிய தயிர் யார் மனத்தையாவது மென்மையாக்கிற்றா?

மனு நூலின் மூன்றாம் அத்தியாயத்திலே ஒரு பட்டியல் இருக்கிறது. பார்ப்பனர் உணவு கொள்ளும்போது அவரைப் பார்க்கக்கூடாதவர் யார் யார் என்ற பட்டியல். பன்றி பார்க்கக்கூடாது, சேவல் பார்க்கக்கூடாது, நாய் பார்க்கக்கூடாது, சண்டாளன் பார்க்கக்கூடாது, மாதவிலக்கான பெண் பார்க்கக்கூடாது. தொட்டால் தீட்டு என்பது ஒருபுறம் இருக்கட்டும், கண்ணால் கண்டாலே தீட்டு என்கிறது சாத்திரம்!

தோழர்களே, இந்தப் பட்டியலை ஒருமுறை நம் வீட்டு விருந்தோடு பொருத்திப் பாருங்கள். பட்டியலிலே இருந்த கோழி விலக்குப் பெற்றுவிட்டது. முற்றத்துக்கு வந்தது, அடுப்புக்கு வந்தது, வாழை இலையின் நடுவிலே வந்து வீற்றிருக்கிறது. அதே பட்டியலிலே இருந்த மனிதன் எங்கே? மாதவிலக்கான பெண் எங்கே? அவன் கொல்லைப்புறத்திலே நிற்கிறான். அவள் ஒதுக்குப்புறத்து அறையிலே இருக்கிறாள். கோழிக்குக் கிடைத்த விடுதலை மனிதர்க்குக் கிடைக்கவில்லை!

மிகைப்படுத்துகிறோம் என்பீரா? கோழியை அறுத்து, இறகு நீக்கி, துண்டு போட்டுத் தந்தவர் கையைப் பார்க்கட்டும் நம் கண். அந்தக் கை பட்ட கறி, குடும்பத்தினர் அனைவர் வாய்க்கும் செல்கிறது, தீட்டில்லை. அந்தக் கைக்கு உரியவர் அதே கறியை உண்ண நம் பக்கத்திலே அமர்ந்தால் மட்டும் தீட்டு வந்துவிடுகிறது. கறி செல்லும் வழியிலே மனிதன் செல்லக் கூடாது என்பதற்குப் பகுத்தறிவு ஏற்கும் காரணம் ஒன்றேனும் உண்டா?

பழந்தமிழர் வாழ்வு குறையற்றது என்று கூறி மயங்குவது நம் வழக்கமன்று. எனினும் ஒன்றைக் குறிப்பிடலாம். காஞ்சி நகரை ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைப் பற்றிய பெரும்பாணாற்றுப்படை, ஊர் ஊராய்ச் செல்லும் பாணனுக்கு வழியிலே கிடைக்கும் உணவுகளைச் சொல்கிறது. மருத நிலத்து உழவர், வெண்ணெற் சோற்றோடு வீட்டிலே வளர்ந்த கோழியின் வாட்டையும் அவனுக்கு அளிக்கின்றனர். வந்தவன் உறவினன் அல்லன், ஊராரும் அல்லன், யாழ் ஏந்திய வழிப்போக்கன். பசித்து வந்தான் என்பதே அவனுக்குரிய தகுதி. அந்த ஒரு தகுதியைக் காலப்போக்கிலே நாம் போதாது என்றாக்கிவிட்டோம். குலம் கேட்கக் கற்றுக்கொண்டோம்.

கற்றுக்கொண்ட அந்தப் பாடத்தை மறக்கச் செய்ய எத்தனை போராட்டங்கள்! திருநெல்வேலிச் சீமையிலே, சேரன்மாதேவிக் குருகுலத்திலே, பொதுமக்கள் பணத்தில் நடந்த நிலையத்திலே, பார்ப்பன மாணவர்க்குத் தனியே உணவு என்ற கொடுமையைத் தந்தை பெரியாரும் வரதராசுலு நாயுடுவும் எதிர்த்தனர். 1925ஆம் ஆண்டு நவம்பரிலே காஞ்சிபுரம் மாநாட்டிலிருந்து பெரியார் வெளியேறியதற்கு வகுப்புரிமைத் தீர்மானம் உடனடிக் காரணம். உள்ளே கனன்றுகொண்டிருந்த தணலிலே குருகுலத்துப் பந்தியும் ஒன்று. இரயில் நிலையச் சிற்றுண்டிச் சாலைகளிலே பார்ப்பனர்க்குத் தனி இடம் என்ற வழக்கம் 1941இல் ஒழிந்தது. 1957இல், சென்னைத் திருவல்லிக்கேணியிலே ஓர் உணவகத்துப் பெயர்ப் பலகையிலிருந்த 'பிராமணாள்' என்ற சொல்லை நீக்குவதற்காக மாதக்கணக்கிலே மறியல் நடந்தது. தொண்டர்கள் சிறை புகுந்தனர். இன்று அண்ணா நினைவு நாளிலே கோயில்களில் அரசின் பொதுவிருந்து நடைபெறுகிறது. பந்தி என்பது நம் இயக்கத்துக்கு ஒரு போர்க்களமாகவே இருந்து வந்திருக்கிறது.

போர் முடிந்துவிட்டதா? 2018ஆம் ஆண்டிலே, திருப்பூர் மாவட்டத்து அரசுப் பள்ளி ஒன்றில், பட்டியல் சாதியைச் சேர்ந்த பெண் ஒருவர் சத்துணவு சமைக்கக்கூடாது என்று ஊரார் சிலர் தடுத்தனர். அவர் இடமாற்றம் செய்யப்பட்டார். எதிர்ப்பு எழுந்த பிறகே அந்த ஆணை திரும்பப் பெறப்பட்டது. 2023ஆம் ஆண்டிலே, காலை உணவுத் திட்டத்திலும் சில ஊர்களிலே அதே முணுமுணுப்பு எழுந்தது. பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் நம்மைப் போன்றோர் இதிலே ஓர் உண்மையைக் காண்கிறோம். எந்தக் குழந்தையும் பசியோடு தட்டை ஏந்தும்போது சமைத்தவர் சாதியைத் தானாகக் கேட்பதில்லை. கேட்கச் சொல்லிக் கொடுத்தவர் வீட்டிலே இருக்கிறார். பள்ளியிலே நாம் சொல்லும் பாடத்தை வீட்டுப் பந்தி ஒரே வேளையில் அழித்துவிடுகிறது!

இங்கே ஒரு தடை எழுப்பப்படும். "கோழியைக் கொன்று தின்றுவிட்டு அறம் பேசுகிறீர்களே! புலால் மறுத்தலை வள்ளுவர் தனி அதிகாரமாக வைத்தாரே!" என்பார் சிலர். ஆம், வைத்தார். காணும் பொங்கலுக்கு முதல் நாள் வள்ளுவர் நாள். அன்று தமிழ்நாட்டிலே இறைச்சிக் கடைகளும் மூடப்படுகின்றன. உயிரின் துன்பம் கண்டு இரங்கி ஊனை விடுபவரை நாம் எள்ளி நகையாடமாட்டோம். அது எண்ணிப் பார்க்க வேண்டிய அறக்கேள்வி. ஆனால் அருளுக்கும் ஆணவத்துக்கும் வேறுபாடு உண்டு. வடலூர் வள்ளலார் புலாலை மறுத்தவர். அவரே 1867ஆம் ஆண்டில் சத்திய தருமச்சாலை அமைத்து, சாதி பாராமல் பசித்தவர் அனைவர்க்கும் சோறிட்டவர். அன்று மூட்டிய அடுப்பு இன்றளவும் அணையாமல் எரிகிறது. கோழியிடம் இரக்கம் காட்டி மனிதனை விலக்கியவர் அல்லர் அவர். கோழியின்மீது இரங்குகிறோம் என்று கூறிக்கொண்டே, கோழி தின்பவனுக்கு வீடு வாடகைக்கு இல்லை என்று பலகை மாட்டுவோர்க்கு வள்ளுவரையும் வள்ளலாரையும் துணைக்கழைக்கும் உரிமை ஏது?

சொல்லிலேகூட அந்த ஆணவம் புகுந்துவிட்டது. சைவம் என்பது சிவநெறியின் பெயர். அதை ஓர் உணவுக்குப் பெயராக்கி, மற்ற உணவை 'அசைவம்' என்று எதிர்மறையாலே குறித்தனர். 2014ஆம் ஆண்டின் மாதிரிப் பதிவு ஆய்விலே, தமிழ்நாட்டில் ஊன் உண்போர் நூற்றுக்கு 97 பேருக்கு மேல் என்று தெரிந்தது. நூற்றுக்கு 97 பேர் உண்ணும் உணவுக்கு இல்லாத பெயர், மூன்று பேர் உணவுக்கு இருக்கிறது! உணவகப் பலகையிலே 'உயர்தர' என்ற அடைமொழி எந்தப் பக்கம் சேர்கிறது என்று பாருங்கள். சமைத்த முறை உயர்தரமா, சமைக்கப்பட்ட பொருள் உயர்தரமா, உண்பவன் பிறப்பு உயர்தரமா? பலகை அதைச் சொல்வதில்லை.

வெளியே இருப்பவரைக் குறை கூறுவது எளிது. நம் வீட்டுக்குள்ளே வருவோம். விடியற்காலையிலே கறியைக் கழுவியது யார்? இஞ்சி பூண்டு உரித்தது யார்? மசாலா அரைத்தது யார்? பெண்கள். மாலையிலே கம்பி வலையின் முன் நின்று இரண்டு முறை கறியைத் திருப்பிப் போட்டவர் யார்? ஆண்மகன். "மாமா கை பட்டாலே தனிச் சுவை!" என்ற பாராட்டு யாருக்கு? அவருக்கே! முதற்பந்தியிலே ஆண்கள், அடுத்து பிள்ளைகள், தொடைக்கறி எல்லாம் தீர்ந்து, தணலும் ஆறி, எலும்பும் குழம்பும் எஞ்சிய பிறகு பெண்கள். இடையிலே ஒருத்திக்கு மாதவிலக்கு என்றால், தட்டு அறை வாசலுக்குத் தள்ளப்படும். உடலின் இயற்கை நிகழ்ச்சியைக் குற்றமாக்கும் இந்த வழக்கத்தை, மேடையிலே பெண் விடுதலை பேசிவிட்டு வந்த தோழர் வீட்டிலேயும் காணலாம். கிருமியைப் பற்றிய கவலை என்றால், கை கழுவாமல் கறியைத் தொட்ட மாமாவை அல்லவா முதலில் வெளியே நிறுத்த வேண்டும்?

இன்னொரு குறையும் உண்டு. நெஞ்சை உறுத்தும் குறை. குடும்பம் முழுவதும் கூடிவிட்டது என்கிறார்கள். முழுவதுமா? வேறு சாதியிலே மணம் புரிந்துகொண்டதால் வாசற்படி மிதிக்கவொட்டாமல் நிறுத்தப்பட்ட தங்கை எங்கே? அவள் கணவன் எங்கே? தாத்தா முகத்தை அறியாத அவர்கள் குழந்தை எங்கே? சுயமரியாதைத் திருமணத்துக்கு 1967ஆம் ஆண்டிலே அண்ணாவின் அரசு சட்டம் இயற்றியது. சட்டம் அவர்கள் மணத்தை ஏற்றது, சமையற்கட்டு ஏற்கவில்லை! காணும் பொங்கலென்று பெயர் வைத்துவிட்டு, காண வேண்டியவரைக் காண மறுக்கிறோம். பார்க்கக்கூடாது என்று மனு எழுதிய பட்டியலை எரித்தோம் என்று பெருமை பேசுகிறோம்; அந்தப் பட்டியலின்படியே பந்தி விரிக்கிறோம்.

"பெரியவர்கள் மனம் புண்படுமே! குடும்ப ஒற்றுமை குலைந்துவிடுமே! ஒரு நாள் விருந்திலா புரட்சி செய்வது?" என்று இளந்தோழர்கள் தயங்குவதை நாம் அறிவோம். அந்தத் தயக்கத்தை நாம் இகழவில்லை. வளர்த்த தாயின் கண்ணீர் எளிதிலே கடக்கக்கூடியதன்று. ஆனால் கேட்கிறோம்: ஒருத்தியை வெளியே நிறுத்திய அன்றே ஒற்றுமை குலைந்துவிட்டதல்லவா? குலைந்ததைச் சுட்டிக் காட்டுபவன் குலைத்தவன் ஆவானா? தாயின் கண்ணீரை மட்டும் எண்ணும் நாம், வெளியே நிற்கும் தங்கையின் கண்ணீரை எண்ண வேண்டாமா? அவள் அழுவது நம் காதிலே விழவில்லை, அவ்வளவே. காதிலே விழாத அழுகை அழுகையாகாது என்று எந்த அறநூல் சொல்கிறது?

பெரியவர்களோடு வாய்ச் சண்டை வேண்டாம், வசை வேண்டாம். செயல் போதும். ஆண்மக்கள் அம்மியையும் அரைவையையும் அறியட்டும். முதற்பந்தியிலே நமக்கு இலை போட்டால், "அம்மாவும் அக்காவும் அமரும்போது அமர்கிறோம்" என்று பணிவாகச் சொல்லி எழுந்து நிற்போம். விலக்கு என்று ஒதுக்கப்பட்டவளை நம் பக்கத்திலே அமர்த்துவோம். கோழி அறுத்துத் தந்தவரை, பந்தலுக்குக் கால் நட்டவரை, முன்வாசல் வழியே அழைத்து வந்து அதே வரிசையிலே அமரச் செய்வோம். தங்கைக்கும் அவள் கணவனுக்கும் இலை போடப்படவில்லை என்றால், நமக்கும் இலை வேண்டாம் என்போம். கோபத்தோடு அன்று, குரல் உயர்த்தாமல், உறுதியோடு. ஓராண்டு இடம் கிடைக்காமற் போகலாம், ஈராண்டும் போகலாம். பசியோடு திரும்பும் பிள்ளையை எத்தனை பொங்கலுக்குத் தாய் பொறுப்பாள்?

மறியல் செய்து சிறை புகுந்தார்கள் நம் முன்னோர். நம்மிடம் கேட்கப்படுவது சிறையன்று. ஒரு வேளைச் சோறு. அதையும் விடத் துணியாதவர் அவர்கள் படத்துக்கு மாலையிடுவதிலே பொருள் என்ன?

கறி வேகும், தணல் தன் கடமையைச் செய்யும். பச்சைக் கறியின் தீட்டை நெருப்பு எரித்துவிடும். எரிக்க முடியாத தீட்டு ஒன்றை இலைக்கும் இலைக்கும் இடையிலே நாம் வைத்திருக்கிறோம். அதை எரிக்கத் தணல் போதாது, துணிவு வேண்டும்.